சுடலைக்கு டீசல்

துறைமுகம் போகிற ரோட்டில் எங்களுக்குச் சொந்தமாக ஓர் இடம் இருக்கிறது. அதன் மேல் ஒரு பெட்ரோல் பங்க் நிற்கிறது. பங்க் எங்களுடையது இல்லை. காலேஜில் இதைச் சொன்னபோது முதல் இரண்டு வாக்கியம்தான் எல்லார் காதிலும் விழுந்தது. படித்து முடிக்கிறவரை நான் "பங்க் ஓனர் மகள்"தான். கேன்டீனில் டீ வாங்கித் தருகிற பொறுப்பும் என் தலையில்தான்.

அப்பாவுக்குத் தொழில் கயிறும் தார்ப்பாயும். லாரிக்காரர்கள் வாங்குவார்கள், விசைப்படகுக்காரர்கள் வாங்குவார்கள். கடை அதே ரோட்டில் ஒரு வாடகைக் கட்டடத்தில் இருந்தது. கட்டடத்துக்காரர் இடித்துவிட்டு லாட்ஜ் கட்டப்போவதாகச் சொல்லி, பொங்கலுக்குள் காலி பண்ணச் சொல்லிவிட்டார். அந்த ரோட்டில் வேறு கடை கிடைப்பது கஷ்டம். கன்டெய்னர் கம்பெனிகள் ஆபீஸ் போட என்ன அட்வான்ஸ் கேட்டாலும் கொடுக்கிறார்கள். நாங்கள் அவர்களோடு மல்லுக்கட்ட முடியாது. தெருவுக்குள் போகலாமே என்றால், தார்ப்பாய்க் கடை ரோட்டை விட்டு உள்ளே போனால் செத்தது. லாரியை ஓரம் கட்டி, இறங்கி, தடவிப் பார்த்து வாங்குகிற சாமான் அது. மேப் போட்டுத் தேடி எவனும் வரமாட்டான்.

ஆக ஒரே வழிதான். எங்கள் இடத்தை நாங்கள் திரும்ப வாங்கவேண்டும். அதற்குத்தான் கேஸ்.

கேஸின் பூர்வீகம் இது. கருப்பட்டி வியாபாரத்தில் இருந்த தாத்தா அந்த இடத்தை வெள்ளைக்காரனுடைய எண்ணெய்க் கம்பெனிக்குக் குத்தகைக்கு விட்டார். அப்போது அங்கே உடைமரம்தான் நின்றது. பின்பக்கம் எங்கள் சுடலைமாடன் பீடம். அது குத்தகையில் சேரவில்லை. தாத்தா வாய்மொழியாக ஒரு நிபந்தனை போட்டிருக்கிறார்: சாமி எல்லைக்குள் இருக்கப்போகிறீர்கள், அதனால் வருஷா வருஷம் கொடைத் திருவிழாவுக்கு எண்ணெய் வரி உண்டு. கம்பெனி ஏஜென்ட் இதைப் பஞ்சாயத்து வரி மாதிரி ஏதோ ஒன்று என்று நினைத்திருப்பான் போல. தலையாட்டிவிட்டான். அன்றிலிருந்து ஆவணிக் கொடைக்குக் கம்பெனி டின்னில் மண்ணெண்ணெய் வரும். சுடலைக்கு முன்னால் பெட்ரோமாக்ஸ் எரிந்தது சீமை எண்ணெயில்தான்.

எழுபதுகளில் அரசாங்கம் வெளிநாட்டு எண்ணெய்க் கம்பெனிகளை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டது. போர் என்று வந்தால் வெளிநாட்டுக்காரனை நம்ப முடியாது, எண்ணெய் நம் கையில் இருக்கவேண்டும் என்பது வாதம். எங்கள் ரோட்டில் நடந்த புரட்சி என்னவென்றால், போர்டில் பெயின்ட் மாறியது. அதே பம்பு, அதே ஹோஸ், அதே ஆட்கள். தாத்தா மிட்டாய் வாங்கிக் கொடுத்தாராம். "நம்ம கம்பெனி ஆயிட்டுல்லா" என்றாராம். கூடவே வந்த சட்டத்தில் இன்னொரு ஷரத்து இருந்ததை அவர் கவனிக்கவில்லை. கம்பெனியோடு சேர்த்துக் குத்தகையும் அரசாங்கத்துக்குப் போனது. வேண்டுமென்றால் அதே வாடகைக்கு இன்னொரு தவணை அதுவாகவே நீட்டிக்கொள்ளலாம். வெள்ளைக்காரன் கம்பெனியாக இருந்தால் தவணை முடிந்ததும் வந்து கேட்டிருக்கவேண்டும். நம் கம்பெனி கேட்கவேண்டியதில்லை.

எகனாமிக்ஸ் பேப்பரில் நான் அரசுடைமையை ஆதரித்துப் பக்கம் பக்கமாக எழுதி நல்ல மார்க் வாங்கியவள். இப்போதும் அதே கருத்துதான். லாபம் இல்லாத ஊருக்கும் மண்ணெண்ணெயும் சிலிண்டரும் போய்ச் சேர்ந்தது சும்மா இல்லை. அரசாங்கம் எண்ணெயை எடுத்தது சரி, எங்கள் இடத்தையும் சேர்த்து எடுத்தது சரியில்லை. இரண்டையும் ஒரே மூச்சில் சொன்னால் அப்பா கடுப்பாவார். "நீ யாரு பக்கம்ளா?" என்பார்.

நீட்டித்த தவணையும் எப்போதோ முடிந்துவிட்டது. கம்பெனி எழுந்திரிக்கவில்லை. அப்பா கேஸ் போட்டார். வக்கீல் அப்பாவுக்கு ஒரே ஒரு விதி சொல்லிக் கொடுத்திருந்தார்: தவணை முடிந்தபிறகு வாடகையை வாங்கினால், "இருந்துக்கோ" என்று நீங்களே சொன்னதாக ஆகிவிடும். அப்பா இதைப் பத்தியம் மாதிரி காத்தார். கம்பெனி செக் வந்தால் அன்றைக்கே திரும்பப் போகும். அந்த பங்கில் ஸ்கூட்டருக்குப் பெட்ரோல் போடமாட்டார், ரிசர்வில் உருட்டிக்கொண்டு அடுத்த பங்குக்குப் போவார். பங்க் டீலர் தீபாவளிக்கு அனுப்பிய அல்வாவைக்கூடப் பிரிக்காமல் திருப்பி அனுப்பினார். அம்மாவுக்கு அந்த வருத்தம் இன்னும் உண்டு.

ஆனால் கொடைக்கு டீசல் வந்துகொண்டே இருந்தது. மண்ணெண்ணெய் போய் ஜெனரேட்டருக்கும் பந்தத்துக்கும் டீசல் ஆகியிருந்தது, அவ்வளவுதான். அதை அப்பா வாடகையோடு சேர்த்து யோசித்ததே இல்லை. எனக்கும் தோன்றவில்லை. எங்களில் யாருக்கும் தோன்றாது. வரி என்பது சாமிக்கும் அதைக் கொடுக்கிற வீட்டுக்கும் உள்ள கணக்கு. நடுவில் நிற்கிறவன் வெறும் கை.

போன கொடைக்குக் கொஞ்சம் முன்னால் கோர்ட்டில் அப்பாவைக் கூண்டில் ஏற்றினார்கள். நான் வேலை பார்ப்பது ஒரு கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸில். அரை நாள் லீவு போட்டுவிட்டுப் பின்பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். கம்பெனி வக்கீல் மதுரையிலிருந்து வந்திருந்த பெண். குரலே உயரவில்லை.

"வாடகை எதுவும் வாங்கவில்லை?"

"ஒத்தப் பைசா வாங்கலம்மா. செக்கு வந்தா அன்னைக்கே திருப்பி அனுப்பிருவேன்."

"சரி. கோயில் கொடைக்கு எதுவும் வருமா?"

அப்பாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. கேஸில் முதன்முதலாக அவருக்குப் பிடித்த கேள்வி.

"அது வரில்லா! அந்தக் காலத்துலருந்து குடுக்காவ. வெள்ளக்காரன் மண்ணெண்ண குடுத்தான், இப்பம் கவர்மென்டு டீசல் குடுக்கு. ஒரு வருசம் தப்புனது கெடையாது."

எங்கள் வக்கீல் எழுந்தார். "டீலர் தன் சொந்த விருப்பத்தில் கொடுத்தது, கம்பெனி—"

"இல்லய்யா," என்று அப்பாவே அவரைத் திருத்தினார். "கம்பெனிதான் குடுக்கு. டீலரு தூக்கிட்டு வாராரு, அம்புட்டுதான்."

வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

"வரியைக் கையில் வாங்குவது யார்?"

"நாந்தான். கோயில் பொறுப்பு எங்க வீட்டுக்குல்லா."

"இந்த எல்லைக்குள் இருக்கக்கூடாது என்று நினைக்கிற ஆளிடமும் வரி வாங்குவீர்களா?"

"அதெப்படி வாங்குவோம்? வேண்டாதவன்னா வரிய வாங்காம வெளிய நிப்பாட்டிருவோம்லா."

அந்த அம்மா "நன்றி" என்றார். ஜட்ஜ் டைப்பிஸ்டைப் பார்த்துத் தலையசைத்தார். மிச்ச விசாரணையைக் கொடை கழிந்து ஒரு தேதிக்குத் தள்ளினார்கள். அப்பா இறங்கி வந்து, "நல்லாப் பேசினேம்ளா?" என்று என்னிடம் கேட்டார்.

வெளியே வக்கீல் எங்களை வேப்பமரத்தடிக்குக் கூட்டிப்போனார். பிறகு கையெடுத்துக் கும்பிடாத குறையாகச் சொன்னார்.

"அண்ணாச்சி, அல்வாவத் திருப்பி அனுப்புனீங்க. டீசல வாங்கிட்டீங்களே."

"அல்வா எனக்கு வந்தது. டீசல் சாமிக்கு வந்ததுல்லா."

"சாமி நம்ம கேஸுல பார்ட்டி இல்ல அண்ணாச்சி. நீங்கதான் பார்ட்டி. அவனுக இங்கன இருக்கதுக்கு நீங்க சம்மதிச்சதா ஆயிட்டு. இந்த வருசமாச்சும் தொடாதீங்க. அடுத்த வாய்தாவுல அந்தம்மா கண்டிப்பா கேக்கும். 'வெவரம் தெரிஞ்சதும் நிறுத்திட்டேன்'னு சொல்லுத மாதிரியாவது வச்சுக்கிடுங்க."

அப்பா சரி என்றார். அந்தச் சரி எனக்குத் திருப்தியாக இல்லை. அதனால் மறுநாள் சாயங்காலம் நானே பங்குக்குப் போனேன்.

டீலர் கடற்கரைப் பக்கத்துக் கிறிஸ்தவர். கண்ணாடி ரூமில் மாதா படத்துக்கும் கம்பெனி காலண்டருக்கும் நடுவில் உட்கார்ந்திருப்பார். எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து டீலர் மாமா என்றுதான் கூப்பிடுகிறேன். அப்பாவுக்குக் கம்பெனியோடுதான் கேஸ், அவரோடு சண்டை கிடையாது.

"மாமா, இந்த வருசம் டீசல் கொண்டு வராதீங்க."

"ஏளா, நான் என்ன செய்ய? மேனேஜரு போன் போட்டுட்டாரு. இந்தத் தடவ கூடுதலாவே குடுக்கணுமாம். ஆபீசரு ஒருத்தர் வந்து போட்டோ எடுப்பாராம்."

இத்தனை வருஷமாக வேண்டாவெறுப்பாகக் கணக்கில் எழுதின டீசல். இப்போது கம்பெனிக்குச் சுடலை மேல் திடீர் பக்தி.

"அப்ப நீங்க வராம லீவு போட்டுருங்க. காய்ச்சல்னு சொல்லுங்க."

"சொல்லலாம். ஒஞ் சித்தப்பன் சாமியாடிக்கிட்டே வரி கேட்டு பங்குக்குள்ள வந்துருவான். கையில பந்தத்தோட. கீழ பெட்ரோல் டாங்கி கெடக்கு. எவன் பதில் சொல்லுதது?"

"அவர நான் பிடிச்சுக்கிடுதேன்."

"நீ லாரிய நிறுத்திருவ. அவன நிறுத்த மாட்ட." பிறகு குரலைத் தணித்துக்கொண்டார். "கம்பெனியவே தனியாருக்கு விக்கப் போறதாப் பேசுதானுவ, கேட்டியா? வெள்ளக்காரன் போனான், கவர்மென்டு வந்துட்டு, நாளைக்கு எவன் வாரானோ. எனக்கு இங்கன எது நெலைன்னே தெரியல. வருசத்துல ஒருநாள் ஒங்கப்பா கையால துன்னூறு வாங்குதேன். அத ஏன் மறிக்க?"

தனியாருக்கு விற்றால் அந்தக் குத்தகைச் சட்டமும் சேர்ந்து விலைபோகுமா என்று நான் யோசித்துக்கொண்டே வீட்டுக்கு வந்தேன். இப்படி ஒரு கேள்வியை எந்தப் பேப்பரிலும் கேட்டதில்லை.

கொடை வந்தது. பீடம் பங்கின் பின்சுவருக்கு வெளியே இருக்கிறது. கொடை அன்று மதியம் பங்கில் விற்பனையை நிறுத்திவிட்டுக் கயிறு கட்டிவிடுவார்கள். கயிறு மட்டும் எங்கள் கடையிலிருந்து போகும்; அதற்கு யாரும் வரி என்று பெயர் வைக்கவில்லை, நல்லவேளை. நையாண்டி மேளம் காதைக் கிழித்தது. பங்காளி வீட்டார் எல்லாம் எண்ணெய்ப் பாத்திரத்தோடு வரிசையில் நின்றார்கள். அப்பா ஒவ்வொன்றாகக் கையில் வாங்கி, பீடத்தின் முன் வைத்து, திருநீறு கொடுத்தார். அந்தத் துன்னூறு வாங்கினால்தான் வரி தீர்ந்ததாகக் கணக்கு. வரிசையின் கடைசியில் டீலர், காலில் செருப்பில்லாமல், கேனோடு. அவருக்குப் பின்னால் இஸ்திரி கலையாத சட்டையில் கம்பெனி ஆபீசர், போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு.

டீலர் முன்னால் வந்ததும் அப்பா இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டார்.

சித்தப்பாவுக்கு அருள் ஏறியிருந்தது. மற்ற நாளில் அவர் டிரெய்லர் ஓட்டுகிற டிரைவர். துறைமுக கேட்டில் டோக்கனுக்கு வரிசையில் நின்று சலித்துக்கொள்கிற ஆள். அன்றைக்கு அவர்தான் சுடலை.

"எல்லா வரியும் வந்தாச்சாலே?"

"வந்தாச்சு சாமி," என்றார் அப்பா.

"பங்குக் குழாய்க்காரன் வரி எங்கலே?"

"இந்த வருசம் அந்த வரி வேண்டாம் சாமி."

மேளம் நின்றுவிட்டது. மேளக்காரர்களுக்கும் கதை கேட்கவேண்டியிருந்தது.

"ஏன் வேண்டாம்?"

"கோர்ட்டுல கேஸு கெடக்கு. வாங்குனா எடம் போயிரும். எனக்குக் கடை போட எடமில்ல சாமி."

"அது யாரு எடம்லே?"

"நம்ம எடம்."

"நம்ம எடம்னா? ஒன் எடமா, என் எடமா?"

கொடையில் நின்றுகொண்டு இந்தக் கேள்விக்கு ஒரே பதில்தான் சொல்ல முடியும். அப்பா சொன்னார். "ஒன் எடந்தான் சாமி."

"அப்பம் என் வரிய மறிக்க நீ யாருலே?"

எனக்குப் பொறுக்கவில்லை. "சித்தப்பா, கொஞ்சமாச்சும் அறிவிருக்கா? அங்கன ஒருத்தன் வீடியோ எடுக்கான்!" என்று கத்திவிட்டேன். அத்தை என் வாயைப் பொத்திப் பின்னால் இழுத்தாள். "சாமியப் போயி சித்தப்பாங்கா பாரு. கன்னத்துல போட்டுக்கோளா." சாமி என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

டீலர்தான் ஒரு வழி கண்டுபிடித்தார். அப்பா கையில் கொடுக்காமல், கேனை அவரே கொண்டுபோய் மற்றப் பாத்திரங்களுக்குப் பக்கத்தில் வைத்தார். மூடியைத் திறந்து, அங்கே வைத்திருந்த பந்தத்தின் துணியில் கொஞ்சம் ஊற்றினார். டீசல் வாடை சாம்பிராணியோடு கலந்து வந்தது. அப்பா சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார். வாங்கவில்லை, பார்க்கவுமில்லை. கோர்ட்டில் சொல்ல இது போதும் என்று எனக்குப் பட்டது. பரவாயில்லை, தப்பித்தோம் என்றுகூட நினைத்தேன்.

ஆனால் டீலர் நகரவில்லை. அப்பாவுக்கு முன்னால் வந்து வலது கையை நீட்டிக்கொண்டு நின்றார். துன்னூறுத் தட்டு அப்பாவிடம்தான் இருந்தது. ஆபீசர் இன்னும் இரண்டடி கிட்டே வந்தார்.

அப்பா ஒரு சிட்டிகை எடுத்து டீலர் கையில் போட்டார். பிறகு, போட்டதோடு விடாமல், இன்னொரு சிட்டிகை எடுத்து அவர் நெற்றியிலும் பூசிவிட்டார். மேளம் மறுபடி எடுத்தது.

வீட்டுக்கு வந்ததும் நான் விடவில்லை.

"ஏம்ப்பா? சும்மா நின்னுருந்தாப் போதும்லா?"

"அந்தாளு கைய நீட்டிட்டு நிக்காரு. நான் என்ன செய்யணும்னு சொல்லுத?"

"கேஸு?"

"கேஸு அவரு மேலயா போட்டுருக்கு? கம்பெனி மேலல்லா."

"அந்தக் கம்பெனிக்காரன்தான் வீடியோ எடுத்தான்."

"எடுக்கட்டும். நல்லா வந்துருக்கா?"

அடுத்த வாய்தாவில் கம்பெனி வக்கீல் வீடியோவைக் காட்டவே இல்லை. அவசியப்படவில்லை.

"இந்த ஆண்டு எண்ணெய் வாங்கினீர்களா?"

"வாங்கலம்மா." எங்கள் வக்கீல் நிமிர்ந்தார். அப்பா அங்கேயே நிறுத்தியிருக்கலாம். "அவரே வச்சாரு. நான் துன்னூறு குடுத்தேன்."

"துன்னூறு கொடுத்தால் என்ன அர்த்தம்?"

"வரி தீந்துட்டுன்னு அர்த்தம்."

தீர்ப்பு கார்த்திகையில் வந்தது. தவணை முடிந்தபிறகும் கம்பெனி அங்கே இருப்பது உரிமையாளரின் சம்மதத்தோடுதான். ஆகவே முறைப்படி புதிதாக நோட்டீஸ் கொடுத்து, முதலிலிருந்து வரலாம். இப்போதைக்குக் கேஸ் தள்ளுபடி. நல்லவேளையாக அந்த "ஒன் எடந்தான் சாமி"யை யாரும் கிளப்பவில்லை. கிளப்பியிருந்தால் அடுத்த கேஸை நாங்கள் சுடலை மேல் போடவேண்டியிருந்திருக்கும் என்றார் வக்கீல்.

பொங்கலுக்கு முன்னால் கடையைக் காலி பண்ணினோம். தார்ப்பாய்க் கட்டுகள் எங்கள் வீட்டு முன்னறையில் கூரை வரை ஏறின. டிவி சமையலறைக்குப் போனது. ரப்பர் வாடையில் தலை வலிக்கிறது என்று அம்மா தினமும் ஒரு தடவையாவது சொல்கிறாள். எதிர்பார்த்தபடி தெருவுக்குள் ஒரு லாரிக்காரனும் வரவில்லை.

டீலர் வந்து கூப்பிட்டார். பங்கில் காற்றடிக்கிற மிஷின் பக்கம் இடம் சும்மா கிடக்கிறது, சரக்கைப் போட்டு விற்றுக்கொள்ளுங்கள் என்றார். அப்பா வக்கீலுக்குப் போன் போட்டார். "ஒங்க எடத்துல நிக்க அவன்கிட்ட பெர்மிஷன் வாங்கப் போறீங்களா?" என்ற சத்தம் ஸ்பீக்கர் போடாமலே எனக்குக் கேட்டது.

இப்போது அப்பா ஒரு லோடு ஆட்டோவில் சரக்கை ஏற்றிக்கொண்டு, பங்குக்கு எதிரே ரோட்டோரம் நிறுத்தி விற்கிறார். அது நெடுஞ்சாலைத் துறை இடம், அதுவும் அரசாங்கம்தான். போலீஸ் வந்தால் கொஞ்சம் தள்ளி நிறுத்துவார், போனதும் பழைய இடத்துக்கு வருவார். பழைய வியாபாரத்தில் பாதிகூட இல்லை. ஆபீஸ் போகிற வழியில் டிபன் கொடுக்கிற வேலை எனக்கு.

புது நோட்டீஸை வக்கீல் டைப் பண்ணிக் கொடுத்து வெகுநாளாகிறது. அதில் அப்பா கையெழுத்துப் போட்டு அனுப்பினால்தான் கேஸ் மறுபடி தொடங்கும். காலி பண்ணச் சொல்லி நாங்களே நோட்டீஸ் விட்ட ஆளிடம் அதன்பிறகு வரி வாங்க முடியாது. அப்புறம் துன்னூறும் கிடையாது. இதை அப்பா ஒருதடவைகூட வாய்விட்டுச் சொன்னதில்லை. நேற்று டிபன் பாக்ஸை நீட்டிக்கொண்டே கேட்டேன்.

"நோட்டீஸுல கையெழுத்துப் போட்டாச்சாப்பா?"

"போடணும்ளா," என்றார். அதற்குள் எதிரே பங்க் பக்கம் ஒரு டிரெய்லர் ஓரம் கட்டி ஹாரன் அடித்தது. அப்பா நைலான் கயிற்றுச் சுருளைத் தோளில் போட்டுக்கொண்டு ரோட்டைக் கடந்தார்.